தவணை யாருடைய உடைமை?

சென்ற ஆண்டு ஆவணி மாதத்து வெள்ளிக்கிழமை ஒன்றில், ஜும்ஆ முடிந்து ஜமாஅத்தார் கலைந்துகொண்டிருந்த நேரம், பள்ளிவாசல் வாயிலில் பெரியவர் ஒருவர் நமக்காகக் காத்து நின்றார். திருச்சுழிப் பக்கத்துக் கரிசல் கிராமம் ஒன்றின் விவசாயி அவர். மாற்று மதச் சகோதரர். கையில் ஒரு மஞ்சள் பை. பைக்குள் வழக்குக் காகிதங்கள்.

விஷயம் இதுதான். அருப்புக்கோட்டையில் நம் ஜமாஅத்தைச் சேர்ந்த ஒருவரின் கடையில் அவர் கிணற்று மோட்டார் வாங்கியிருந்தார். உத்தரவாதக் காலத்துக்குள்ளேயே அது மூன்று முறை எரிந்துபோயிற்று. கடைக்காரர் கம்பெனியைக் கை காட்டினார். கம்பெனி கடைக்காரரைக் கை காட்டியது. விவசாயி நுகர்வோர் ஆணையத்துக்குப் போனார். அங்கே இரு தரப்பாரையும் அமர வைத்துச் சமரசம் பேசினார்கள். பட்டுப்போன மிளகாய்ச் செடிகளுக்கான நஷ்ட ஈட்டை விவசாயி விட்டுக்கொடுத்தார். மோட்டாரின் விலையும் செலவுமாக 38,000 ரூபாயை 45 நாட்களுக்குள் கொடுத்துவிடுவதாகக் கடைக்காரர் ஒப்புக்கொண்டார். இருவரும் கையொப்பமிட்டார்கள்.

கெடு ஆனியில் முடிந்தது, பணம் வரவில்லை. கடைக்காரர் கூடுதல் அவகாசம் கேட்டு மனுச் செய்தார், கிடைத்தது. அதுவும் முடியப்போகும் தருவாயில் கார்த்திகை வரை இன்னும் அவகாசம் வேண்டுமென்று மற்றொரு மனு. இதற்கு அந்த விவசாயி ஆட்சேபணை செய்யாதிருக்க வேண்டும் என்பதற்காக, நம் ஜமாஅத்துப் பெரியவர்கள் இருவர் முதல் நாள் நம்மிடம் வந்திருந்தார்கள். “ஹஜ்ரத், நீங்கள் ஒரு வார்த்தை சொன்னால் அவர் கேட்பார். தவணை கொடுக்கும்படி குர்ஆனிலேயே இருக்கிறதல்லவா?” என்றார்கள். இருக்கிறது என்றோம். விவசாயியை அனுப்பி வைத்தவர்களும் அவர்கள்தாம்.

நாமும் சொன்னோம். “அண்ணாச்சி, இவ்வளவு நாள் பொறுத்தீர்கள், இன்னும் இரண்டு மாதம் பொறுத்துக்கொள்ளுங்கள். பொறுத்தவருக்கு ஆண்டவன் குறை வைக்க மாட்டான்” என்றோம்.

அவர் கோபப்படவில்லை. “ஐயா, அவர்கிட்ட இல்லைன்னா நான் கேட்கவே மாட்டேன். இல்லாதவன்கிட்டக் கேட்கிற பழக்கம் எங்க ஊர்ல கிடையாது. ஆனா, இருக்கா இல்லையான்னு நீங்க அவர்கிட்டக் கேட்டீங்களா?” என்றார்.

நாம் கேட்டிருக்கவில்லை. பதில் சொல்ல நமக்கு வாய் வரவில்லை. அந்தக் கேள்வியின் காரணமாகவே இந்தக் கட்டுரையை எழுதுகிறோம்.

சட்டம் என்ன சொல்கிறது?

1986-ஆம் ஆண்டின் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்துக்குப் பதிலாக 2019-ஆம் ஆண்டின் சட்டம் 2020 ஜூலை 20 முதல் நடைமுறையில் இருந்து வருகிறது. 5 லட்சம் ரூபாய் வரையுள்ள பொருளுக்கோ சேவைக்கோ மாவட்ட ஆணையத்தில் புகார் செய்யக் கட்டணம் கிடையாது. சமரசத்துக்கு இடமுண்டு என்று ஆணையம் கருதினால், இரு தரப்பாரின் சம்மதத்தோடு வழக்கைச் சமரசத்துக்கு அனுப்பலாம். இணக்கம் ஏற்பட்டால் அது எழுத்தில் வடிக்கப்பட்டுக் கையொப்பமாகும். அறிக்கை கிடைத்த 7 நாட்களுக்குள் ஆணையம் அதைத் தன் உத்தரவாகப் பதிவு செய்ய வேண்டும். மாவட்ட ஆணையம் அவ்விதம் பதிவு செய்த உத்தரவின் மீது மேல்முறையீடு கிடையாது. தாமே மனமொப்பிக் கையொப்பமிட்ட ஒன்றை எதிர்த்து எவரிடம் போய் முறையிடுவது? சட்டம் இயற்றியவர்கள் நியாயமாகத்தான் நினைத்திருக்கிறார்கள்.

உத்தரவை நிறைவேற்றாதவருக்கு 72-ஆம் பிரிவின்படி 1 மாதம் முதல் 3 ஆண்டு வரை சிறைத்தண்டனையோ, 25,000 ரூபாய்க்குக் குறையாமல் 1 லட்சம் ரூபாய் வரை அபராதமோ, இரண்டுமோ விதிக்கலாம். ஏட்டில் இது கடுமையான சட்டம்தான். ஆனால் ஏட்டுக்கும் வீட்டுக்கும் நடுவே தவணை என்று ஒன்று நிற்கிறது.

வழக்கின் தொடக்கத்தில் தவணைக்கு வேலி போட்டிருக்கிறார்கள். எதிர்த்தரப்பார் தம் பதிலைக் கொடுக்க 30 நாட்கள். ஆணையம் விரும்பினால் மேலும் 15 நாட்கள். அதற்கு மேல் ஒரு நாளும் நீட்ட ஆணையத்துக்கு அதிகாரம் இல்லை என்று 2020 மார்ச் 4 அன்று உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வு தீர்ப்பளித்தது. ஆனால் வழக்கின் முடிவில், பணம் கைமாற வேண்டிய இடத்தில் நடப்பது என்ன? உத்தரவை நிறைவேற்றித் தரக் கோரித் தனியாக ஒரு மனு. அதில் வாய்தாவுக்கு மேல் வாய்தா. இத்தகைய மனுக்கள் தேங்கிக் கிடப்பதை 2025 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றமே கவலையோடு சுட்டிக்காட்டி, அவற்றை விரைந்து முடிக்க நடவடிக்கை எடுக்கும்படி தேசிய ஆணையத்தைக் கேட்டுக்கொண்டது. பதில் எழுத 45 நாளுக்கு மேல் இல்லை என்று கண்டிப்பாக இருக்கும் உலகம், பணம் கொடுக்கும் இடத்தில் மட்டும் ஏன் இவ்வளவு தாராளமாக இருக்கிறது?

இரண்டு விதமான கடனாளிகள்

அருமைச் சகோதரர்களே! தவணை கொடுக்கும்படி குர்ஆனில் இருக்கிறது என்பது உண்மை. அல்பகரா அத்தியாயத்தின் 280-ஆம் வசனம் அது. ஆனால் அந்த வசனம் கடன்பட்ட எல்லாரையும் பற்றிப் பேசவில்லை. நெருக்கடியில் இருப்பவனைப் பற்றிப் பேசுகிறது. அவனுக்கு வசதி வரும்வரை காத்திருக்க வேண்டும் என்றும், அந்தக் கடனைத் தர்மமாகவே விட்டுவிடுவது இன்னும் மேலானது என்றும் அறிவிக்கிறது. அந்த நெருக்கடி என்ற நிபந்தனையைக் கழற்றி வைத்துவிட்டுத் தவணை என்ற சொல்லை மட்டும் எடுத்துக்கொள்வது, உளூவை விட்டுவிட்டுத் தொழுகையை மட்டும் எடுத்துக்கொள்வது போன்றதாகும்.

வசதியுள்ளவன் கடனைத் தள்ளிப்போடுவது அநியாயம் என்று நாயகம் ஸல்லல்லாஹு அலைஹி வஸல்லம் அவர்கள் அறிவித்திருப்பது புகாரி, முஸ்லிம் இரண்டு கிரந்தங்களிலும் இருக்கிறது. அதற்கு ‘ளுல்ம்’ என்ற சொல்லையே அவர்கள் உபயோகித்தார்கள். வியாபாரத் தந்திரம் என்றோ, சாமர்த்தியம் என்றோ நாம் இதற்குப் பெயர் சூட்டிக்கொள்ளலாம். நாயகம் (ஸல்) சூட்டிய பெயர் அநியாயம்.

ஆக, தவணைக்கு மனுச் செய்பவர் இரண்டு விதத்தில் ஒருவராக இருக்கிறார். ஒருவருக்கு அவகாசம் கொடுப்பது கடமை. மற்றவருக்குக் கொடுப்பது அநியாயத்துக்கு உதவி. இருவரும் ஒரே காகிதத்தில், ஒரே வாசகத்தில்தான் மனுச் செய்கிறார்கள். ஆகவே நீதிபதியின் முதல் வேலை இவர் எந்த விதம் என்று விசாரிப்பது. நம் முதல் வேலையும் அதுவாகத்தான் இருந்திருக்க வேண்டும்.

இதற்கு நம் ஃபிக்ஹ் நூல்களில் ஓர் அருமையான வழிமுறை இருக்கிறது. பொருளைப் பெற்றுக்கொண்டு அதற்கான கிரயத்தைப் பாக்கி வைத்தவனும், தானாக ஓர் ஒப்பந்தத்தைச் செய்து பொறுப்பை ஏற்றவனும் ‘என்னிடம் இல்லை’ என்று வெறும் வாயால் சொன்னால் காஜி அதை ஏற்கலாகாது என்பது ஹனஃபி இமாம்களின் முடிவு. ஒரு பொறுப்பைத் தன் விருப்பத்தோடு ஏற்க முன்வந்ததே, அவனிடம் சக்தி இருக்கிறது என்பதற்கு அடையாளம் என்று அதற்குக் காரணம் கூறுகிறார்கள். சமரசப் பத்திரத்தில், இன்ன தேதிக்குள் இன்ன தொகை என்று கையொப்பமிட்டவருக்கு இது அப்படியே பொருந்துகிறதல்லவா? கையொப்பமிட்ட நாளில் அவரால் முடியும் என்று அவரே சாட்சி சொல்லிவிட்டார். அதற்குப் பின் ஏதேனும் நேர்ந்திருந்தால், வீட்டில் நோய், கடையில் தீ, வரவேண்டிய பணம் முடக்கம் என்று எதுவானாலும், அதை நிரூபிக்கும் பொறுப்பு அவருடையது. நிரூபித்துவிட்டாரானால் அவரை நெருக்கக் கூடாது. அப்போது இரக்கம் காட்டுவது சட்டத்தைத் தளர்த்துவதாகாது, சட்டத்தை நிறைவேற்றுவதேயாகும்.

நாயகத்தின் வீட்டுத் திரை

கஅப் இப்னு மாலிக் (ரலி) அவர்களுக்கு இப்னு அபீஹத்ரத் (ரலி) அவர்கள் கடன்பட்டிருந்தார்கள். மஸ்ஜிதுந் நபவியிலேயே இருவருக்கும் பேச்சு முற்றிச் சத்தம் உயர்ந்தது. வீட்டுக்குள் இருந்த நாயகம் (ஸல்) அவர்கள் திரையை விலக்கி வெளியே பார்த்தார்கள். பாதியைத் தள்ளுபடி செய்யும்படி கஅபுக்குக் கையால் சாடை காட்டினார்கள். அவரும் உடனே சம்மதித்தார். சமரசம் ஆயிற்று. இனி மெதுவாகக் கொடுத்துக்கொள்ளலாம் என்று நாயகம் சொன்னார்களா? இல்லை. கடன்பட்டவரின் பக்கம் திரும்பி, எழுந்து போய் மீதியைச் செலுத்தும்படி கட்டளையிட்டார்கள். புகாரியிலும் முஸ்லிமிலும் வந்துள்ள இந்தச் சம்பவத்தை நாம் பயான்களில் பலமுறை சொல்லியிருக்கிறோம். ஆனால் அநேகமாகப் பாதிக் கதையோடு, அதாவது தள்ளுபடியோடு நிறுத்திவிடுகிறோம்.

சமரசம் என்பதே ஒரு விட்டுக்கொடுத்தல்தான். உரியவர் தம் உரிமையில் ஒரு பகுதியை விட்டது, மீதி குறித்த நாளில் தடையின்றி வரும் என்ற நம்பிக்கையின் பேரில். நம் விவசாயி பயிர் நஷ்டத்தை விட்டதும் அப்படியே. அதன் பிறகு தவணை கேட்பது, ஒரு முறை விட்டவரிடம் மறுமுறையும் பறிப்பதாகும். விட்டுக்கொடுத்தவருக்கு இதனால் உலகம் கற்பிக்கும் பாடம் என்ன? ‘அடுத்த தடவை சமரசத்துக்கு வராதே, கடைசி வரை வழக்காடு’ என்பதுதானே? சமரசம் மேலானது என்று குர்ஆன் போற்றுகிறது. சமரசத்தின் மேல் மக்களுக்குள்ள நம்பிக்கையைக் கெடுப்பவர், ஒரு விவசாயிக்கு மட்டும் தீங்கு செய்தவராக மாட்டார்.

அவகாசம் எங்கிருந்து வருகிறது?

இன்னொரு சம்பவமும் புகாரியில் இருக்கிறது. உஹதுப் போரில் ஷஹீதான அப்துல்லாஹ் (ரலி) அவர்கள் பெருங்கடனை விட்டுச் சென்றிருந்தார்கள். அவர்களுடைய மகனார் ஜாபிர் (ரலி) அவர்களிடம் பேரீச்சந்தோட்டம் இருந்தது. அதன் மகசூல் கடனுக்குக் கட்டி வராது என்று தோன்றிற்று. கடன் கொடுத்த யூதர் ஒருவரிடம் நாயகம் (ஸல்) அவர்களே சென்று, ஜாபிருக்காகப் பரிந்து பேசினார்கள். அவர் மறுத்துவிட்டார். மதீனாவின் ஆட்சித் தலைவர் அவர்கள். கேட்டது ஒரு தியாகியின் மகனுக்காக. மறுத்தவரோ மாற்று மதத்தவர். இருந்தும் அவர்கள் கட்டளையிடவில்லை. தோட்டத்துக்கு வந்து பரக்கத்துக்காகத் துஆச் செய்தார்கள். கடன் முழுவதும் அளந்து கொடுக்கப்பட்டு மேலும் பழம் எஞ்சியது.

இந்தச் சம்பவத்தில் நாம் அற்புதத்தைப் பார்க்கிறோம். அதற்கு முந்திய பகுதியையும் பார்க்க வேண்டும். கையில் சொத்துள்ள ஒருவருக்காகத் தவணை என்பது கேட்டுப் பெற வேண்டிய ஒன்று. கொடுப்பவர், கடனுக்கு உரியவர். உரியவர் தவணை கொடுத்துவிட்டால், கிரயம் போன்ற பாக்கிகளில் அது அவரைக் கட்டுப்படுத்தும் என்பது ஹனஃபி மத்ஹப். கட்டுப்படுத்தாது, ஆனால் சொன்ன சொல்லைக் காப்பது சிறப்பு என்பது ஷாஃபிஈ மத்ஹப். இரண்டிலும் கொடுக்கிற கை உரியவருடையதாகவே இருக்கிறது.

நம் கண்மாய்ப் பாசனம் தெரிந்தவர்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை. மடைத் தண்ணீரை முறை வைத்துப் பாய்ச்சும் ஊரில் ஒருவர் தம் முறை முடிந்தும் வாய்க்காலை அடைக்காமல் இருந்தால், ‘கொஞ்ச நேரம்தானே’ என்று அவருக்குத் தோன்றும். அந்தக் கொஞ்ச நேரம் ஆகாயத்திலிருந்து வரவில்லை. கடைமடைக்காரனின் வயலிலிருந்து வருகிறது. நீதிமன்றம் கொடுக்கும் அவகாசமும் நீதிமன்றத்தின் கஜானாவிலிருந்து வருவதில்லை. அது மஞ்சள் பையோடு மூன்று பேருந்து மாறிப் போய்வருகிற மனிதரின் காலத்திலிருந்து வெட்டி எடுக்கப்படுகிறது.

அதுமட்டுமல்ல, எல்லாருடைய காலமும் ஒரே மதிப்புடையதன்று. கடைக்காரருக்கு ஆவணிக்கும் கார்த்திகைக்கும் வித்தியாசம் மூன்று மாதம். அருப்புக்கோட்டை, திருச்சுழி வானம் பார்த்த பூமியில் புரட்டாசிப் பட்டம் தவறியவனுக்கு அது ஓர் ஆண்டு. விதைப்புக்கு முன் வரும் ஆயிரமும் பட்டம் போன பின் வரும் ஆயிரமும் கணக்கில் ஒன்று, காட்டில் ஒன்றல்ல. விதை வழக்கொன்றில் 2012 ஜனவரியில் உச்ச நீதிமன்றம், விவசாயியும் நுகர்வோரே என்று உறுதிப்படுத்தியது. பரிசோதனைக்கென்று ஒரு பிடி விதையை விவசாயி எடுத்து வைத்திருக்க வேண்டும் என்று எதிர்பார்ப்பதே சரியல்ல என்றும் கூறியது. விதைக்கிறவனின் நிலைமையை அறிந்து சொன்ன சொல் அது. தவணை கொடுக்கும்போதும் அதே அறிவு வேண்டும்.

வட்டியால் ஈடாகுமா?

‘தாமதத்துக்குத்தான் வட்டி போட்டுக் கொடுக்கிறார்களே’ என்று சிலர் சொல்லக்கூடும். பெரும்பாலான உத்தரவுகளில் வட்டியும் சேர்ந்தே வருகிறது. நம் வீடுகளுக்கு இதுவே பெரிய சங்கடம். கொடு, இல்லையேல் கூட்டிக் கொடு என்று தவணையை விலைக்கு விற்பதுதான் ஜாஹிலிய்யாக் காலத்து ரிபா. ஆகவே பொருளின் விலை, உண்மையாக நேர்ந்த நஷ்டம், வழக்குச் செலவு இவை உரியவருக்கு ஹலால். வட்டியென்று வருவதைச் சொந்தச் செலவுக்கு எடுக்காமல், நன்மையை எதிர்பாராது ஏழைகளுக்குக் கொடுத்துவிடும்படி ஆலிம்கள் பலர் கூறியிருக்கிறார்கள். தத்தம் ஊர் ஆலிமிடம் விவரம் சொல்லிக் கேட்டுக்கொள்வது நல்லது.

ஆனால் இதிலிருந்து வேறொன்றும் விளங்குகிறது. இஸ்லாம் தவணைக்கு விலை வைக்கவில்லை என்றால், தவணை மலிவானது என்று பொருளல்ல. விலை கொடுத்து ஈடுகட்ட முடியாத ஒன்றைக் கேட்காமல் எடுத்தவன், ஈடுகட்ட முடியாத கடனுக்கு உள்ளாகிறான் என்று பொருள். ‘வட்டியைக் கட்டிவிட்டேன், கணக்குத் தீர்ந்தது’ என்று ஒரு முஸ்லிம் நிம்மதியாக இருக்க இயலாது. ஷஹீதுக்குக்கூட எல்லாப் பாவங்களும் மன்னிக்கப்பட்டும் கடன் மட்டும் நிற்கிறது என்ற நபிமொழி முஸ்லிமில் இருக்கிறதே!

அப்படியானால் அவகாசமே கூடாதா?

கூடாது என்று நாம் சொல்லவில்லை. கொரோனாத் தொற்றின்போது 2020 மார்ச் 15 முதல் 2022 பிப்ரவரி 28 வரையுள்ள நாட்களை வழக்குக் கெடுவில் கணக்கிடலாகாது என்று உச்ச நீதிமன்றம் நாடு முழுமைக்கும் ஆணையிட்டது. எல்லாருக்கும் நெருக்கடி, எல்லாருக்கும் அவகாசம். அது நீதி.

மறுபக்கத்தையும் பாருங்கள். வீட்டுக்காகப் பணம் கட்டிக் காத்திருந்தோர் தொடுத்த யூனிடெக் வழக்கில், 2017 டிசம்பர் முடிவுக்குள் 750 கோடி ரூபாயைக் கட்டும்படி அவ்வாண்டு அக்டோபரில் உச்ச நீதிமன்றம் நிபந்தனை விதித்தது. கெடு கடந்தது, தொகை நிறையவில்லை. முடிவில் 2020 ஜனவரியில் நிர்வாகத்தையே மத்திய அரசு நியமித்த குழுவிடம் ஒப்படைக்க நேர்ந்தது. இதற்கிடையே வாடகை வீட்டில் மூத்துப்போனவர்களின் காலத்தை யார் திருப்பித் தர முடியும்?

ஆதாரம் கொண்டுவர வேண்டியவனுக்கு ஒரு தவணையைக் குறித்துக் கொடு. கொண்டுவந்தால் உரிமையை வழங்கு. இல்லையேல் தீர்ப்பைச் சொல்லிவிடு என்ற கருத்தில் உமர் (ரலி) அவர்கள் அபூமூஸா அல்அஷ்அரீ (ரலி) அவர்களுக்கு எழுதிய கடிதம் பிரசித்தமானது. தவணை உண்டு, அதற்கு முடிவும் உண்டு. எனவே அவகாசம் கொடுப்பதற்கு முன் நான்கு காரியங்கள் நடந்தால் போதும். காரணத்துக்கு ஆதாரம் கேட்க வேண்டும். உரியவரின் வாயால் அவருடைய நிலைமையைக் கேட்க வேண்டும். கையில் உள்ளதை உடனே கொடுக்கச் செய்து மீதிக்கு மட்டுமே தவணை வேண்டும். அந்தத் தவணை ஒரே தவணையாக இருக்க வேண்டும்.

அந்த வெள்ளிக்கிழமைக்குப் பிறகு

அஸருக்குப் பின் நாம் கடைக்காரரிடம் சென்றோம். காலையில் கேட்டிருக்க வேண்டிய கேள்வியை மாலையில் கேட்டோம். அவர் நல்ல மனிதர், தொழுகையாளி. கம்பெனி தமக்குத் தர வேண்டியதைத் தரவில்லை என்றார், அது உண்மைதான். பணம் அறவே இல்லையா என்றோம். சற்று நேரம் பேசாதிருந்தார். “இருக்கு ஹஜ்ரத். சரக்குக்குப் போட வெச்சிருக்கேன். கோர்ட்டுத்தான் டைம் கொடுக்குதே, ஏன் இப்பவே கொடுக்கணும்னு இருந்துட்டேன்” என்றார்.

தவணை கொடுக்கத் தகுதியுள்ளவர் அந்த விவசாயி ஒருவர்தாம், கேட்பதானால் அவர் வீட்டு வாசலில் போய்க் கேளுங்கள் என்றோம். மறுநாள் காலை அவர் 20,000 ரூபாயை எடுத்துக்கொண்டு கிராமத்துக்குப் போனார்; நாமும் உடன் சென்றோம். மீதிக்கு எத்தனை நாள் வேண்டும் என்று விவசாயியே கேட்டு, அவரே ஒரு தேதி சொன்னார். அந்தத் தேதிக்கு இரண்டு நாள் முன்பே பணம் போய்ச் சேர்ந்தது. ஆனாலும் மோட்டார் வாங்கி இறக்குவதற்குள் அவருக்கு மிளகாய் நாற்று விடும் காலம் தவறிப்போய்விட்டது. அதை நாம் திருப்பிக் கொடுக்க முடியவில்லை. ஒரு வசனத்தைப் பாதியாக வைத்துக்கொண்டு பேசிய நமக்கும் அதில் பங்கு உண்டு என்பதை இங்கே எழுதி வைக்கிறோம்.

அன்பான வாசகர்களே! நீதிமன்றம் ஒருபுறம் இருக்கட்டும். தறிக்காரரின் கூலி, தையற்காரியின் பாக்கி, மளிகைக் கடைக் கணக்கு, மனைவிக்குத் தரவேண்டிய மஹர் என்று ஒவ்வொரு வீட்டிலும் எத்தனை தவணைகள், கேட்கப்படாமலே எடுக்கப்பட்டுக்கொண்டிருக்கின்றன! நம்மிடம் இல்லையென்றால் உரியவரிடம் போய் இல்லையென்று சொல்வோம். அவர் தரும் அவகாசத்தை நன்றியோடு பெறுவோம். இருந்தால், எழுந்து போய்க் கொடுத்துவிடுவோம்.

இல்லாதவருக்குத் தவணை கொடுக்கும் மனத்தையும், இருப்பதை உரிய நாளில் கொடுத்துவிடும் துணிவையும் அல்லாஹ் நம் அனைவருக்கும் தந்தருள்வானாக! ஆமீன்.